ஆளில்லா நிலத்தை ஆவணப்படமாக எடுப்பது எப்படி?

ஒரு பாலைவனத்தையோ, பனிப் பிரதேசத்தையோ, எளிதில் யாரும் போகாத ஒரு சதுப்பு நிலத்தையோ வைத்து ஆவணப்படம் எடுக்க ஆசைப்படுகிறவர்கள் முதலில் கேட்பது எந்த கேமரா நல்லது என்பதைத்தான். அதைவிட முக்கியமான கேள்வி ஒன்று இருக்கிறது: எவ்வளவு சின்ன இடத்தை எடுக்கப் போகிறீர்கள்? முழு மலைத்தொடரையும் படமாக்குகிறேன் என்று கிளம்பினால் அழகான காட்சிகள் நிறையக் கிடைக்கும், படம் கிடைக்காது. ஒரே ஒரு ஓடை, அதன் கரையோரம் நடந்தே போய்வரக்கூடிய இரண்டு மூன்று கிலோமீட்டர், ஒரு முழு வருடம் என்று வைத்துக்கொண்டால் படம் கிடைக்க வாய்ப்பு அதிகம். இடத்தைச் சுருக்குங்கள், காலத்தை நீட்டுங்கள். கீழே சொல்லியிருக்கும் எல்லாமே இதிலிருந்து வருவதுதான்.

நான் பேசுவது உற்றுநோக்கும் வகை ஆவணப்படத்தைப் பற்றி. பின்னணிக் குரல் எதையும் விளக்காது, யாரையும் உட்காரவைத்துப் பேட்டி எடுக்க மாட்டோம், நடக்காததை நடக்கவைக்க மாட்டோம், பார்ப்பதும் கேட்பதும் மட்டும்தான். 1960களில் தோளில் சுமக்கக்கூடிய 16 மி.மீ. கேமராவும் அதோடு ஒத்திசைந்து ஓடும் சிறிய டேப் ரெக்கார்டரும் கைக்கு வந்த பிறகு இந்த முறை நன்றாகக் காலூன்றியது. ஆனால் அது மனிதர்களின் பின்னால் போவதற்காக வளர்ந்த முறை. மனிதர்கள் ஏதாவது செய்துகொண்டே இருப்பார்கள். நிலம் பெரும்பாலும் நம் கண்ணுக்குப் பிடிபடாத வேகத்தில்தான் அசைகிறது. அதனால் மாற்றம் எங்கே, எந்த நேரத்தில், எந்த வேகத்தில் நடக்கிறது என்று கண்டுபிடிப்பதே இங்கே பாதி வேலை.

இடத்தைத் தேடும்போது அழகைக் கடைசியில் வையுங்கள். திரும்பத் திரும்பப் போகமுடியுமா என்பதைத்தான் முதலில் பார்க்க வேண்டும். ஒரே ஒரு முறை பெரும்பாடுபட்டுப் போய்வரும் இடத்தைவிட, ஒவ்வொரு பருவத்திலும் போய்ச் சில வாரங்கள் தங்கக்கூடிய இடம் எவ்வளவோ மேல். அடுத்து, அங்கே எது மாறுகிறது? தண்ணீர் இருந்தால் பெரிய உதவி. அலையேற்றம், அதாவது கடல்நீர் ஏறி இறங்கும் ஓதம், அதிகமுள்ள கடலோரச் சேற்றுநிலம் என்றால், உயரேற்றத்துக்கும் இறக்கத்துக்கும் இடையே ஏறக்குறைய 6 மணி 12 நிமிடம்தான்; ஒரே நாளில் நிலம் முழுசாக மூடித் திறக்கும், நீங்கள் அசையாமல் உட்கார்ந்திருந்தாலே போதும். பனி உருகும் சரிவு, காற்றில் நகரும் மணல்மேடு, கோடையில் வற்றிப்போகும் ஏரி எல்லாம் இந்த வகையில் கொடுத்துவைத்த இடங்கள். வெறும் பாறை என்றால் ஒளியும் வானிலையும்தான் உங்கள் கதாபாத்திரங்கள். அதுவும் முடியும், பொறுமை இன்னும் கூடுதலாக வேண்டும்.

சரி, இடம் கிடைத்துவிட்டது. முதல் பயணத்தில் கேமராவைப் பைக்குள்ளேயே வைத்திருங்கள். முடிந்தால் எடுத்துப்போகவே வேண்டாம். ஒரு நோட்டு, பென்சில், திசைகாட்டி, கடிகாரம். காலையில் முதல் வெளிச்சம் எந்த முகட்டில் விழுகிறது, எத்தனை நிமிடத்தில் பள்ளத்தாக்கின் அடிக்கு இறங்குகிறது, காற்று எப்போது எழுகிறது, எந்தப் பக்கமிருந்து வருகிறது, எந்தப் பறவை எந்த மரத்துக்குத் திரும்பி வருகிறது என்று எழுதுங்கள். சூரியன் மணிக்கு 15 பாகை நகர்கிறது என்பது நினைவில் இருந்தால், இப்போது நிழலில் கிடக்கும் பாறை எப்போது ஒளிக்கு வரும் என்று கையை நீட்டியே கணக்குப் போட்டுவிடலாம்: முழுதாக நீட்டிய கையின் மடக்கிய முட்டி ஏறக்குறைய 10 பாகையை மறைக்கும், அதாவது 40 நிமிடம். சூரியன் சரியாகக் கிழக்கே உதிப்பது மார்ச் 20 ஒட்டியும் செப்டம்பர் 22 ஒட்டியும்தான். மற்ற நாட்களில் வடக்கிலோ தெற்கிலோ தள்ளியிருக்கும், துருவத்தை நோக்கிப் போகப்போக இந்த விலகலும் பெரிதாகும். ஜூனில் பார்த்துவைத்த சட்டகத்தில், அதாவது கேமராவுக்குள் அடங்கும் காட்சியில், டிசம்பரில் வெயிலே விழாமல் போகலாம், அல்லது அப்போதுதான் முதல்முறையாக விழலாம். நிலா சராசரியாக ஒவ்வொரு நாளும் 50 நிமிடம் தாமதமாக எழும். இதையெல்லாம் செயலியில் பார்க்கலாம், பாருங்கள், ஆனால் எதிரே நிற்கும் மலை எவ்வளவு உயரத்தில் வெளிச்சத்தை மறைக்கிறது என்பது நேரில் நின்று பார்த்தால்தான் உடம்பில் பதியும்.

திரும்பி வரும் சட்டகங்கள்

இந்தக் கட்டுரையில் ஒன்றே ஒன்றைத்தான் எடுத்துக்கொள்வேன் என்றால் இதை எடுத்துக்கொள்ளுங்கள். ஐந்து அல்லது ஆறு இடங்களைத் தேர்ந்தெடுத்து, ஒவ்வொரு முறை போகும்போதும் அதே இடத்தில், அதே உயரத்தில், அதே லென்ஸில், அதே சட்டகத்தை எடுங்கள். ட்ரைபாட் கால்கள் நின்ற இடத்தைச் சின்னக் கற்களால் குறித்துவையுங்கள், ஆனால் வெள்ளத்தில் கல் போய்விடும் என்பதால் அதை மட்டும் நம்பாதீர்கள். லென்ஸின் குவியத் தூரம், தரையிலிருந்து கேமராவின் உயரம், திசைகாட்டி காட்டும் பாகை மூன்றையும் எழுதி வைத்து, ட்ரைபாட் நிற்பதைச் சற்றுத் தள்ளி நின்று போனில் ஒரு படமும் எடுத்துக்கொள்ளுங்கள். பழைய ஷாட்டிலிருந்து ஒரு ஃபிரேமைக் காகிதத்தில் அச்சடித்துக் கையோடு கொண்டுபோனால், சட்டகத்தின் ஓரத்தில் வரும் கல்லையும் கிளையையும் ஒப்பிட்டுக் கேமராவை மிகத் துல்லியமாகப் பழைய இடத்துக்கே கொண்டுவரலாம். பனியாறுகள் எவ்வளவு பின்வாங்கியிருக்கின்றன என்பதை ஆய்வாளர்கள் காட்டுவதும் இதே முறையில்தான், பழைய புகைப்படம் எடுத்த இடத்திலேயே மறுபடி போய் நின்று.

முதல் இரண்டு முறை இது வீண்வேலையாகத் தோன்றும். மூன்றாவது பருவத்தில் காட்சிகளை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கும்போது ஓடையின் வளைவு இடம் மாறியிருப்பதும், ஒரு மரம் சாய்ந்திருப்பதும், புல்லின் உயரம் பாறையை மறைத்திருப்பதும் தெரியும். பின்னணிக் குரலில் நூறு வாக்கியம் சொன்னாலும் பார்ப்பவருக்கு ஏற்படாத உணர்வு, அவரே அந்த மாற்றத்தைக் கண்டுபிடிக்கும்போது ஏற்படுகிறது. இந்த வகைப் படத்தின் மீது எனக்கு இருக்கும் பற்றுக்கு முதல் காரணமே இதுதான்: பார்ப்பவரை நம்புகிறது.

ஷாட் எவ்வளவு நேரம்? நீங்கள் போதும் என்று நினைத்த பிறகும் விட்டுவையுங்கள். 16 மி.மீ. பிலிமில் 400 அடிச் சுருள் நொடிக்கு 24 ஃபிரேமில் ஏறக்குறைய 11 நிமிடம் ஓடும். அந்தக் காலத்தில் அதுதான் எல்லை, அதனால் எப்போது ஓடவிடுவது என்பதை ஆழ்ந்து யோசித்தார்கள். இன்று எல்லை இல்லை, ஆனாலும் பலர் 15 நொடியில் நிறுத்திவிடுகிறார்கள். எடிட்டிங் மேசையில் 15 நொடி ஷாட்டை நீட்ட வழியே இல்லை. ரெக்கார்டை அழுத்தியதும் கேமராவிலிருந்து கையை எடுத்துவிட்டுச் சில அடி தள்ளிப் போய் உட்காருங்கள். பான் செய்யவும் (கேமராவைப் பக்கவாட்டில் திருப்பவும்) ஜூம் செய்யவும் கை துடிக்கும், இடம் கொடுக்காதீர்கள். மேகத்தின் நிழல் சட்டகத்துக்குள் நுழைந்து முழுதாக வெளியேறும்வரை ஒரு ஷாட், ஓடையில் வரும் இலை ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போகும்வரை ஒரு ஷாட் என்று நிகழ்வின் நீளத்தைக் கொண்டு அளவெடுங்கள். அப்படி எடுத்தால் எங்கே வெட்டுவது என்ற கேள்விக்கு நிலமே பதில் சொல்லிவிடும்.

டைம்லாப்ஸைப் பற்றி என் கருத்து கொஞ்சம் கடுமையானது. 5 நொடிக்கு ஒரு படம் என்று ஒரு மணி நேரம் எடுத்தால் 720 ஃபிரேம், திரையில் 30 நொடி. மேகங்கள் பறக்கும், நிழல்கள் ஓடும், கண்ணுக்கு விருந்துதான். ஆனால் அந்த ஒரு மணி நேரம் அங்கே எப்படி இருந்தது என்பது அதில் இருக்காது. அலையேற்றம் போல, மெதுவாக நடப்பதால் கண்ணுக்குத் தெரியாத ஒன்றைக் காட்ட வேறு வழியில்லை என்றால் மட்டும் பயன்படுத்துங்கள். ட்ரோனும் அப்படித்தான். மேலிருந்து பார்த்தால் நிலம் வரைபடமாகிவிடுகிறது. அதோடு கூடுகட்டும் பறவைகளை அந்தச் சத்தம் கலைக்கும், பல தேசியப் பூங்காக்களில் அனுமதியும் கிடையாது. அமெரிக்காவின் தேசியப் பூங்காக்கள் 2014இலேயே ட்ரோனைத் தடைசெய்துவிட்டன.

கருவிகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். உங்களால் ஒரு மணி நேரம் சுமந்து ஏறமுடிகிற கேமராதான் உங்களுக்கு நல்ல கேமரா. ஷட்டர் ஃபிரேம் வேகத்தைப் போல இரு மடங்காக இருக்கட்டும், அதாவது 24 ஃபிரேமுக்கு 1/48 அல்லது 1/50. பகல் வெளிச்சத்தில் அதற்கு என்டி ஃபில்டர், அதாவது லென்ஸுக்குள் வரும் ஒளியைக் குறைக்கும் கண்ணாடி, கட்டாயம் வேண்டும். லென்ஸில் அகன்ற காட்சிக்கு ஒரு வைட், தூரத்துக் காட்சிக்கு ஒரு நீளமான டெலி, நடுவில் ஒன்று, போதும். டெலி லென்ஸை நடுப்பகலில் பயன்படுத்தினால் தரையிலிருந்து எழும் வெப்பக் காற்றில் தூரத்துக் காட்சி நெளியும், அதை எந்த மென்பொருளாலும் முழுதாகச் சரிசெய்ய முடியாது, ஆகவே தூரத்துக் காட்சிகளை விடிந்ததும் எடுத்துவிடுங்கள். ட்ரைபாடில் மட்டும் சிக்கனம் பார்க்காதீர்கள். காற்றடிக்கும் இடத்தில் நடுக்கம்பியை உயர்த்தாமல், கால்களை அகலவிரித்து, அடியில் பையைத் தரையைத் தொட்டும் தொடாமலும் கட்டிவையுங்கள்.

காதுக்கு வேலை

படத்துக்குச் செலவிடும் நேரத்தில் பாதியையாவது ஒலிக்குக் கொடுங்கள். பின்னணிக் குரலும் இசையும் இல்லாத படத்தில் பார்ப்பவரை இருக்கையில் இருத்திவைப்பது ஒலிதான். கேமராவிலேயே இருக்கும் மைக் இதற்கு உதவாது. தனி ரெக்கார்டர், 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், அதோடு சுய இரைச்சல் மிகக் குறைவான மைக் ஒரு ஜோடி. கடைசியில் சொன்னதைக் கவனியுங்கள்: நகரத்தில் நன்றாக வேலைசெய்யும் மைக், உண்மையிலேயே அமைதியான இடத்தில் தன் சொந்த இரைச்சலையே பதிவு செய்யும். இரைச்சல் அளவு 10 டெசிபல் ஏ அல்லது அதற்குக் கீழ் என்று குறிப்பில் இருந்தால் நல்லது.

காற்றுதான் முதல் எதிரி. மைக்கின் மேல் ரோமக் கவசம் கட்டாயம். காற்று பலமாக இருந்தால் கூண்டு போன்ற உறைக்குள் மைக்கை வைத்து அதன்மேல் ரோம உறை போட வேண்டும். அப்படியும் முடியாத நாளில் புதருக்குள்ளோ பாறையின் மறைவிலோ மைக்கைத் தரையோடு தாழ்த்தி வையுங்கள். நைலான் சட்டை உரசுகிற சத்தம் பல அடி தூரத்திலிருந்தும் பதிவாகும் என்பதால் பருத்தியோ கம்பளியோ அணியுங்கள். அதைவிடச் சிறந்த வழி, ரெக்கார்டரை ஓடவிட்டுவிட்டு நீங்கள் அந்த இடத்தைவிட்டுப் போய்விடுவது. விடியலுக்கு ஒன்றரை மணி நேரம் முன்பு வைத்துவிட்டு, வெயில் ஏறிய பிறகு வந்து எடுங்கள். பறவைகள் சூரியன் வருவதற்கு முன்பே பாடத் தொடங்கிவிடும், நாம் பக்கத்தில் இருந்தால் பாடாதவையும் நாம் போனபின் பாடும்.

ஒவ்வொரு சட்டகத்துக்கும் அதே இடத்தின் ஒலி தனியாகக் குறைந்தது பத்து நிமிடம் வேண்டும். கோப்பின் தொடக்கத்தில் இடம், தேதி, மணி, காற்றின் திசை நான்கையும் உங்கள் குரலிலேயே சொல்லிவிடுங்கள், ஒரு வருடம் கழித்து எடிட்டிங்கில் உட்காரும்போது நன்றி சொல்வீர்கள். தூரத்தில் ஒரு பாறை உருண்டு விழுவதை எடுத்தால் ஒலி பிந்தித்தான் வரும். 20 பாகை செல்சியஸில் ஒலி நொடிக்கு 343 மீட்டர்தான் போகிறது, 700 மீட்டர் தூரம் என்றால் இரண்டு நொடித் தாமதம். எடிட்டர்கள் பலர் அதைப் படத்தோடு இழுத்துப் பொருத்திவிடுவார்கள். வேண்டாம். அந்த இரண்டு நொடியில்தான் எதிரே இருக்கும் வெளி எவ்வளவு பெரியது என்பது காதுக்குப் புரிகிறது.

நடப்பதை மட்டும்

எதையும் நடிக்கவைக்கக் கூடாது என்பது கேட்க எளிது, ஆனால் பல நாள் காத்திருந்து ஒன்றும் கிடைக்காதபோது கூட்டருகே உணவு வைக்கலாமா, கல்லெறிந்து பறவைக் கூட்டத்தை எழுப்பலாமா என்று மனம் போகும். இதன் விளைவு எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு 1958இல் வெளிவந்து ஆஸ்கர் விருதும் வாங்கிய ஓர் இயற்கை ஆவணப்படம் சாட்சி. லெம்மிங் என்ற சிறு கொறிணிகள் கூட்டமாகக் கடலில் குதித்து உயிரை மாய்த்துக்கொள்வதாக அதில் ஒரு காட்சி. உண்மையில் அது எடுக்கப்பட்டது கடலே இல்லாத கனடாவின் ஆல்பெர்ட்டா மாகாணத்தில், வேறு இடத்திலிருந்து கொண்டுவந்த விலங்குகளை வைத்து. லெம்மிங்குகள் அப்படித் தற்கொலை செய்துகொள்வதில்லை. ஆனாலும் இன்றுவரை அதை உண்மை என்று நம்புகிறவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள். காத்திருந்து எதுவும் நடக்கவில்லை என்றால், எதுவும் நடக்காத அந்தக் காத்திருப்பைப் படத்தில் வையுங்கள்.

அப்புறம் நிலத்தைக் காயப்படுத்தாமல் வேலை செய்வது. பாதி மட்கிய செடிகள் அடுக்கடுக்காகச் சேர்ந்து உருவாகும் கரிச் சதுப்பு ஆண்டுக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர்தான் வளர்கிறது. பாலை மண்ணின் மேல் இருக்கும் உயிருள்ள மெல்லிய படலம் ஒருமுறை மிதிபட்டால் பழையபடி வரப் பல பத்தாண்டுகள் ஆகலாம். நல்ல கோணம் கிடைக்கிறது என்பதற்காக அதன்மேல் நடந்து போவதில் எந்த நியாயமும் இல்லை. ஏற்கெனவே தடம் இருக்கும் இடத்தில் நடங்கள், பாறைமேல் நில்லுங்கள். அரிய செடியோ கூடோ படத்தில் வந்தால் கேமராவிலும் போனிலும் ஜிபிஎஸ்ஸை அணைத்துவிட்டு, அடையாளம் காட்டும் மலைமுகடு பின்னால் தெரியாதபடி சட்டகம் வையுங்கள், ஏனென்றால் திருடுகிறவர்களும் படம் பார்க்கிறார்கள்.

அங்கே மனிதர்கள் இருந்தால், மேய்ப்பரோ, காவலரோ, மீன்பிடிப்பவரோ, அவர்களையும் அதே பொறுமையோடு அணுகுங்கள். கேமரா இல்லாமல் சில நாள் போய் உட்காருங்கள், வேலை இருந்தால் கைகொடுங்கள். எங்கே நிற்கலாம், எது எடுக்கக் கூடாதது, எந்த இடம் அவர்களுக்குப் புனிதமானது என்று கேட்ட பிறகுதான் பையைத் திறக்க வேண்டும். முதல் நாள் கேமராவைப் பார்த்துக்கொண்டே வேலை செய்வார்கள், சில நாளில் அது இருப்பதே மறந்துவிடும். மறந்துவிட்டார்கள் என்பதைச் சாக்காக வைத்து அவர்கள் விரும்பாததை எடுக்கக் கூடாது. சம்மதம் ஒரு முறை வாங்கி முடித்துவிடுகிற விஷயமில்லை.

தனியாகப் போகாதீர்கள். போகத்தான் வேண்டும் என்றால் எந்த நாளில் எந்த வழியில் திரும்புவீர்கள் என்று ஒருவரிடம் எழுதிக்கொடுத்துவிட்டுப் போங்கள். சாட்டிலைட் போன் வைத்திருக்கச் சில நாடுகளில் முன் அனுமதி வேண்டும், எல்லையைத் தாண்டும் முன்பே விசாரியுங்கள். உபரி லித்தியம் பேட்டரிகளை விமானத்தில் கைப்பையில்தான் கொண்டுபோக முடியும். 100 வாட்-மணி வரை பொதுவாகச் சிக்கல் இல்லை, அதற்குமேல் 160 வரை விமான நிறுவனத்தின் ஒப்புதல் தேவை. குளிரில் பேட்டரி சீக்கிரம் இறங்கிவிடும், உடம்போடு ஒட்டிய சட்டைப்பையில் வையுங்கள். குளிரிலிருந்து சூடான கூடாரத்துக்குள் கேமராவைக் கொண்டுவரும் முன் காற்றுப்புகாத பையில் போட்டு மூடி, உள்ளே வெப்பம் ஏறிய பிறகே திறங்கள், இல்லாவிட்டால் லென்ஸின் உள்ளே நீர் கோத்துக்கொள்ளும். ஈரப்பதம் அதிகமுள்ள காட்டில் சிலிக்கா ஜெல் இல்லாமல் லென்ஸை மூடிவைத்தால் பூஞ்சை வந்துவிடும்.

நினைவகக் கணக்கைப் புறப்படும் முன்பே போட்டுவிடுங்கள். நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் பதிவு செய்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. தினமும் மூன்று மணி நேரம் என்றால் பத்து நாளில் 1.35 டிபி, இரண்டு பிரதி எடுத்தால் 2.7 டிபி. இரண்டு டிஸ்கும் ஒரே பையில் இருக்கக் கூடாது. கார்டை அழிக்கும் முன் இரண்டு டிஸ்கிலும் கோப்புகளைத் திறந்து பாருங்கள்.

எடிட்டிங்கில் முதல் வேலை, எடுத்த எல்லாவற்றையும் நிறுத்தாமல், வேகம் கூட்டாமல், ஒரு முறை பார்ப்பது. வாரக்கணக்கில் ஆகலாம். பார்க்கும்போது எந்த ஷாட்டில் உங்களை அறியாமல் முன்னால் சாய்ந்தீர்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். ‘அழகு’ என்ற குறிப்புக்கு இங்கே பெரிய பயன் இல்லை. நான்கு பருவம் என்று வரிசையாக அடுக்குவது எல்லாருக்கும் முதலில் தோன்றும் அமைப்பு. சில படத்துக்கு அது பொருந்தும், ஆனால் வேறு நூல் கிடைக்கிறதா என்று முதலில் தேடுங்கள்: தண்ணீர் போகும் வழியே மேலிருந்து கீழே போகலாம், ஒரே நாளின் விடியலிலிருந்து இருட்டுவரை பல மாதங்களின் ஷாட்களைக் கோக்கலாம், ஒரு விலங்கு வந்துபோகும் பாதையைப் பிடித்துக்கொள்ளலாம். எந்த நூலை எடுத்தாலும் வெவ்வேறு மாதத்தில் எடுத்ததை ஒரே நாளாகக் காட்டுகிறீர்களா என்பதை உங்களுக்குள் தெளிவாக்கிக்கொண்டு, ஒரே விதியைப் படம் முழுக்க வைத்திருங்கள்.

இயற்கைப் படங்களில் கேட்கும் காலடி ஓசையும் மெல்லும் ஓசையும் பெரும்பாலும் ஸ்டுடியோவில் உருவாக்கியவை. உற்றுநோக்கும் படத்தில் அந்த இடத்தில் பதிவு செய்த ஒலியை மட்டுமே வைப்பது என்று நீங்களே ஒரு கோடு போட்டுக்கொண்டால், சில ஷாட்கள் போகும், இருக்கும் ஷாட்களுக்கு வலு கூடும். நிறத்திலும் அதே கட்டுப்பாடு வேண்டும். மூடுபனி சாம்பல் நிறமாக இருந்தால் சாம்பலாகவே விடுங்கள், நீலமாக்கத் தேவையில்லை. ஒரு கட்டம் வந்ததும் ஒலியை அணைத்துப் படத்தை மட்டும் ஒரு முறை பாருங்கள், பிறகு திரையை அணைத்து ஒலியை மட்டும் கேளுங்கள். இரண்டில் எதிலாவது கவனம் நழுவுகிற இடத்தை மறுபடி திறக்க வேண்டும்.

படம் பூட்டப்படும் முன், அதாவது எடிட்டிங் இறுதியாகும் முன், அந்த நிலத்தை உங்களைவிட நன்றாகத் தெரிந்தவர்களுக்கு, அங்கே வாழ்கிறவர்கள், காவல் செய்கிறவர்கள், ஆய்வு செய்கிறவர்களுக்கு, ஒரு பிரதியைப் போட்டுக்காட்டுங்கள். இந்த ஓடை இந்த மாதத்தில் இவ்வளவு சத்தம் போடாதே என்பார்கள். இந்தப் பறவை மாலையில் கத்துவதில்லையே என்பார்கள். ஓர் இடத்தின் பெயரைத் தவறாகப் போட்டிருப்பதைக் காட்டுவார்கள். அவர்கள் படத்தை விரும்பினார்களா என்பதைவிட இந்தத் திருத்தங்களைக் கேட்டு எழுதிக்கொண்டு, டைம்லைனுக்குத் திரும்பிப் போய் ஒவ்வொன்றையும் சரிபாருங்கள்.